தண்ணீரும் தீர்க்கதரிசனமும்: ‘டியூன்’ நாவலில் சின்னங்கள் சமூகத்தைக் கட்டும் விதம்

ஒரு சமூகத்தைச் சேர்த்துக் கட்டி வைத்திருப்பது எது? ரத்த உறவு என்பார் சிலர். மண் என்பார் சிலர். மொழி என்பார் சிலர். பிரெஞ்சு சமூகவியல் அறிஞர் எமில் டர்க்கைம் 1912-இல் வெளியிட்ட நூலில் வேறொரு விடை சொன்னார். ஆஸ்திரேலியப் பழங்குடிகளின் குலச் சின்னங்களை ஆராய்ந்த அவர், ஒரு குலத்தார் தம் சின்னத்தை வணங்கும்போது உண்மையில் தம் குலத்தையே வணங்குகிறார்கள் என்றார். ‘நாம்’ என்பது கண்ணுக்குத் தெரியாத ஒன்று. அதற்குக் கண்ணால் பார்க்கும்படி ஓர் உருவம் தேவைப்படுகிறது. கொடியைக் காக்க உயிரை விடும் சிப்பாய்க்கு, அந்த நேரத்தில் துணியும் நாடும் வேறு வேறாகத் தெரிவதில்லை.

சரி, அந்தச் சின்னத்தை வெளியாள் ஒருவர் திட்டம் போட்டு விதைத்திருந்தால்? இந்தக் கேள்வியை ஒரு கற்பனை உலகத்தில் வைத்துச் சோதித்துப் பார்த்தவர் அமெரிக்க எழுத்தாளர் ஃபிராங்க் ஹெர்பர்ட் (1920–1986). அவருடைய ‘டியூன்’ நாவல் 1965-இல் புத்தகமாக வந்தது. 2021-லும் 2024-லும் வந்த திரைப்படங்களை நம் வீட்டுப் பிள்ளைகள் பலர் பார்த்திருப்பார்கள். “ஏதோ மணல் புழுப் படம்” என்று பெரியவர்கள் ஒதுக்கிவிட வேண்டாம். உள்ளே இருக்கும் விஷயம் பெரியது.

மணலில் பிறந்த கதை

ஹெர்பர்ட் ஒரு பத்திரிகையாளர். அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில் ஃபுளோரன்ஸ் என்ற ஊர்ப் பக்கம், நகர்ந்துகொண்டே இருக்கும் மணல்மேடுகளைப் புல் நட்டுத் தடுக்கும் முயற்சி நடந்தது. அதைப் பற்றிக் கட்டுரை எழுதப் போனார். கட்டுரை முடியவில்லை, பல ஆண்டுப் படிப்புக்குப் பிறகு நாவல் பிறந்தது. மணலும் தண்ணீர்ப் பஞ்சமும் மனிதரை எப்படி ஆக்கும் என்ற யோசனைதான் அதன் வேர்.

தண்ணீர்: வாழ்க்கை தந்த சின்னம்

கதை நடக்கும் அராக்கிஸ் கிரகம் முழுக்கப் பாலைவனம். அங்கே வாழும் மக்கள் ஃப்ரெமென்கள். வியர்வையைக்கூட வடிகட்டித் திரும்பக் குடிக்கும்படியான உடையை அணிகிறார்கள். இறந்தவரின் உடலில் இருக்கும் நீர் குலத்தின் பொதுச் சொத்து. ஃப்ரெமென் தலைவன் ஒருவன் வெளியுலகப் பிரபுவின் மேஜைமேல் துப்புகிறான். அங்கிருந்தவர்கள் கொதித்துப் போகிறார்கள். விவரம் தெரிந்த ஒருவன் மட்டும், உடம்பின் ஈரத்தையே காணிக்கையாகத் தந்தீர்களே என்று நன்றி சொல்கிறான். ஒரே செயல்தான், ஓர் உலகத்தில் அவமதிப்பு, இன்னோர் உலகத்தில் மரியாதை!

கதாநாயகன் பால், தன்னோடு சண்டையிட்டு இறந்த ஜேமிஸுக்காகக் கண்ணீர் விடுகிறான். செத்தவனுக்கு நீரைக் கொடுக்கிறானே என்று சுற்றி நிற்பவர்கள் சிலிர்த்துப் போகிறார்கள். ஜேமிஸின் உடலிலிருந்து கிடைத்த 33 லிட்டருக்குச் சற்று அதிகமான நீர் பாலுக்கு உரிமையாகிறது. அதற்கு அடையாளமாக உலோக வளையங்களைத் தருகிறார்கள். இந்த வளையங்கள் அங்கே நாணயம் மாதிரி. காதலிலும் கல்யாணத்திலும் அவற்றுக்கு இடமுண்டு. இந்தச் சின்னங்களை யாரும் உட்கார்ந்து உருவாக்கவில்லை. அன்றாடத் தேவையிலிருந்து தாமாக முளைத்தவை.

தீர்க்கதரிசனம்: விதைத்து வைத்த சின்னம்

இரண்டாவது வகை இதற்கு நேர்மாறு. பெனெ ஜெஸ்ஸரிட் என்ற பெண் துறவியர் அமைப்புக்கு ஒரு தனிப் பிரிவு உண்டு. பின்தங்கிய கிரகங்களுக்குப் போய், “வெளியுலகிலிருந்து ஒரு தாயும் மகனும் வருவார்கள்” என்பது போன்ற கதைகளை விதைத்துவிட்டு வருவது அதன் வேலை. என்றாவது தங்கள் ஆள் ஒருத்தி அங்கே மாட்டிக்கொண்டால், அந்த நம்பிக்கையைப் பிடித்துத் தப்பித்துக்கொள்ளலாம் அல்லவா?

பாலின் தாய் ஜெஸிக்கா அப்படித்தான் பயன்படுத்துகிறாள். மாளிகைப் பணிப்பெண் மேப்ஸ், மணல் புழுவின் பல்லால் செய்த வெள்ளைக் கத்தியைக் காட்டி அவளைச் சோதிக்கிறாள். விதைத்த கதைகளின் அமைப்பு தெரிந்த ஜெஸிக்கா பாதி ஊகத்தில் ஒரு சொல்லைத் தொடங்குகிறாள். அவள் வாக்கியத்தை முடிக்கும் முன்பே மேப்ஸ் அலறிவிடுகிறாள். அந்தக் கிழவியின் நம்பிக்கையில் பொய் துளியும் இல்லை. அவளுக்குச் சொல்லப்பட்ட கதைதான் பொய். உள்ளே இருந்து பார்ப்பவருக்கு முளைத்த சின்னமும் விதைத்த சின்னமும் ஒன்றுபோலவே தோன்றும். ஹெர்பர்ட் காட்டும் முதல் ஆபத்து இதுதான்.

கைமீறிய சின்னம்

இரண்டாவது ஆபத்து இன்னும் பெரியது. தன் பெயரால் ஒரு புனிதப்போர் கிளம்பும் என்பது பாலுக்கு முன்கூட்டியே தெரிகிறது. அதைத் தடுக்கவே பார்க்கிறான். ஆனால் நாவலின் முடிவில் சண்டைக்கு நிற்கும்போது அவனுக்குப் புரிந்துவிடுகிறது: தான் இங்கேயே செத்தாலும் போர் நிற்காது, தன் ஆவி வழிநடத்துகிறது என்று சொல்லிப் புறப்படுவார்கள். தோழனாக இருந்த தலைவன் ஸ்டில்கர், கண்ணெதிரே பக்தனாக மாறிப்போவதைப் பார்த்து அவன் வருந்தும் இடம் நெஞ்சைத் தொடும். 1969-இல் வந்த இரண்டாம் நாவலில் அந்தப் போரின் கணக்கைப் பாலே சொல்கிறான்: இறந்தவர் 6,100 கோடி. விதைத்தவர்கள் கையிலும் இல்லை, அறுத்தவன் கையிலும் இல்லை. சின்னம் தன்பாட்டில் நடக்கிறது. கவர்ச்சியுள்ள தலைவர்களைப் பற்றிய எச்சரிக்கையாகவே இந்நூலை எழுதியதாக ஹெர்பர்ட் சொல்லியிருக்கிறார்.

எப்படிப் பிரித்தறிவது?

அப்படியென்றால் வெளியிலிருந்து வருவதெல்லாம் கெடுதலா? அதற்கும் நாவலிலேயே பதில் இருக்கிறது. பார்டோ கைன்ஸ் என்ற கிரக ஆய்வாளரும் அராக்கிஸுக்கு வெளியாள்தான். பாலைவனத்தைப் பசுமையாக்கலாம், ஆனால் 300 முதல் 500 ஆண்டுகள் ஆகும் என்கிறார். தாம் பார்க்கப்போவதில்லை என்று தெரிந்தே ஃப்ரெமென்கள் குகைகளில் நீரைச் சேர்க்கிறார்கள். தாகத்திலும் அதைத் தொடுவதில்லை. அந்தத் தேக்கமும் ஒரு சின்னம்தான். அவர்கள் கைன்ஸையும் மகானாகத்தான் பார்த்தார்கள். ஆனால் எதற்காக, எவ்வளவு காலம் என்ற கணக்கை அவர் ஒளிக்கவில்லை. பெனெ ஜெஸ்ஸரிட்டின் கதைக்கோ, அதன் நோக்கம் மறைந்திருக்கும் வரைதான் உயிர்.

ஆகவே ஒரு சின்னம் எங்கிருந்து வந்தது என்பதைவிட, அதன் காரணத்தைக் கேட்க இடம் இருக்கிறதா என்பதே சரியான உரைகல். ஊரைவிட்டு வந்து வாழும் நம் வீடுகளிலும் வாசல் கோலம் முதல் பொங்கல் பானை வரை சின்னங்கள் உண்டு. “ஏன்பா இதெல்லாம் செய்யணும்?” என்று பிள்ளை கேட்டால், “கேள்வி கேட்காதே, செய்” என்று சொல்வது சுலபம். உட்கார வைத்துக் காரணம் சொல்வதற்குக் கொஞ்சம் நேரமும் படிப்பும் வேண்டும். காரணம் தெரிந்து ஒரு பிள்ளை கையில் எடுக்கும் சின்னத்தை, நாளைக்கு வேறொருவர் வந்து அவன் கையிலிருந்து பிடுங்கித் தன் காரியத்துக்குப் பயன்படுத்துவது அத்தனை எளிதல்ல.