அகன்ற அடித்தளம்

வக்கீல் ஜான் டிக்கின்சனிடம் சட்டம் பயின்றவர் ஜேம்ஸ் வில்சன். 1742இல் ஸ்காட்லாந்தில் ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்து, பிலடெல்பியாவுக்குக் கப்பலேறி வந்து, கார்லைல் ஊரில் வக்கீலாகக் காலூன்றினார். 1776 ஜூலையில் குரு வாக்கெடுப்புக்கு வராமல் ஒதுங்கிக்கொள்ள, சீடர் அமெரிக்கச் சுதந்திரத்துக்கு ஆதரவாக வாக்களித்தார். சுதந்திரப் பிரகடனம், அரசியல் சட்டம் இரண்டிலும் கையெழுத்திட்டவர்கள் ஆறே பேர். அவர்களில் இவரும் ஒருவர்.

இருந்தும் பென்சில்வேனியாவின் எளிய மக்களுக்கு அவரைக் கண்டால் ஆகாது. பிரிட்டிஷாருக்குத் துணைபோனதாகக் குற்றம் சாட்டப்பட்டவர்களுக்காக வாதாடினார். அந்த மாநிலத்தின் 1776ஆம் ஆண்டு அரசியல் சட்டம் அன்றைக்கு இருந்தவற்றிலேயே மிகத் தாராளமான ஜனநாயகம்; அதை விடாமல் எதிர்த்தார். 1779 அக்டோபரில் விலைவாசியால் கொதித்துப்போயிருந்த குடிப்படையினர் அவர் வீட்டை முற்றுகையிட்டார்கள், உயிர்கள் போயின. இதே மனிதர்தான் 1787 அரசியல் சட்ட மாநாட்டில் எழுந்து, குடியரசுத் தலைவரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கட்டும், செனட்டையும் அப்படியே என்றார். செனட்டுக்கு அது வாய்க்க 1913 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. தலைவர் தேர்தலுக்கு இன்றும் வாய்க்கவில்லை.

இரண்டில் ஒன்று வேஷம் என்று சொல்லிவிடுவது எளிது. ஆனால் மாநாட்டில் அவர் சொன்ன உவமையைப் பாருங்கள்: பிரமிடை உயரமாக எழுப்ப வேண்டும், ஆகவே அடித்தளம் அகலமாக இருக்க வேண்டும். அவர் ஆசைப்பட்டது உயரத்துக்கு. மக்களின் வாக்கு அதற்கான வழி. பலமான மத்திய அரசு வேண்டுமென்றால் அது மாநிலங்களின் தயவில் நிற்கக் கூடாது, நேராக மக்கள்மேல் நிற்க வேண்டும். பென்சில்வேனியாவில் அவர் எதிர்த்ததும் வாக்குரிமையை அல்ல, கடிவாளமில்லாத ஒற்றை அவையை. 1793இல் உச்ச நீதிமன்ற நீதிபதியாக, போர்க்காலச் சரக்குக்குப் பணம் தராத ஜார்ஜியா மாநிலத்தைக் கோர்ட்டுக்கு இழுக்கலாம் என்று தீர்ப்பெழுதியபோதும் இதுவே அடிப்படை: இறையாண்மை மக்களுடையது, எனவே கடன்பட்ட தனிமனிதருக்கு உள்ள பொறுப்பு மாநிலத்துக்கும் உண்டு. மாநிலங்கள் பதறிப்போய் 11ஆம் திருத்தத்தால் அந்தத் தீர்ப்பைச் செல்லாமல் ஆக்கின.

அடிமைகளை ஐந்தில் மூன்றாகக் கணக்கிடும் யோசனையை 1787 ஜூன் 11 அன்று முன்மொழிந்தவரும் வில்சன்தானே என்று கேட்கலாம். நியாயமான கேள்வி, மழுப்புவதற்கில்லை. பிரதிநிதித்துவத்தின் அகலத்தை அளக்கும்போது அடிமைகளை எண்ணிக்கைக்குச் சேர்த்தார்கள், வாக்குக்குச் சேர்க்கவில்லை. பலன் எஜமானர்களுக்குப் போயிற்று. வில்சனை இது காப்பாற்றாது. என் வாதத்தையோ இது உறுதிப்படுத்தவே செய்கிறது: கட்டடம் எழும்பத் தென்மாநிலங்கள் தேவைப்பட்டபோது, வழியாக மட்டுமே இருந்த கொள்கை பேரத்துக்கு வந்துவிட்டது.

சொந்த வாழ்க்கையிலும் வில்சன் உயரத்துக்கே ஆசைப்பட்டார். குடியேறிகள் பெருகுவார்கள் என்று நம்பிக் கடன்மேல் கடன் வாங்கி நிலம் குவித்தார். 1790களின் பிற்பகுதியில் நிலச் சந்தை சரிந்தது. நீதிபதிப் பதவியில் இருக்கும்போதே கடனுக்காக நியூ ஜெர்சியில் சிறைப்பட்டார், பிறகு வட கரோலினாவுக்கு ஓடினார். அங்கும் அவரைச் சிறைக்கு அனுப்பியவர் பியர்ஸ் பட்லர், 1787 மாநாட்டில் உடன் அமர்ந்தவர். 1798 ஆகஸ்டில் ஈடன்டன் ஊரில் இறந்தார். ஜார்ஜியா வழக்கில் தனியாக மாறுபட்டு, கடனுக்காக மாநிலத்தைக் கோர்ட்டுக்கு இழுக்க முடியாது என்று எழுதிய நீதிபதி ஜேம்ஸ் ஐரிடெலின் சொந்த ஊர் அது. பிலடெல்பியா வில்சனின் உடலை எடுத்துவந்து அடக்கம் செய்தது 1906இல்தான்.