அழுகையைக் காட்டாமல் துயரம் சொல்வது எப்படி? ‘மபொரோஷி’ திரைப்படம்



சோகக் கதை எழுதச் சொன்னா நம்ம மாணவர்கள் எடுத்த எடுப்பிலேயே “கண்ணீர் ஆறாகப் பெருகியது” என்று தொடங்கிடுவாங்க, இல்லையா? துயரத்தை வேறு விதமாகவும் சொல்லலாம் என்பதற்கு ஒரு நல்ல சான்று, ஜப்பானிய இயக்குநர் ஹிரோகாசு கொரே-எடா 1995இல் எடுத்த ‘மபொரோஷி’. அவருடைய முதல் கதைப்படம் இது. ‘மபொரோஷி’ என்றால் மாயத் தோற்றம்.

யுமிகோ சிறுமியாக இருந்தபோது, சொந்த ஊரில்தான் சாக வேண்டும் என்று பாட்டி வீட்டை விட்டுக் கிளம்புகிறார். பின்னாலேயே ஓடியும் யுமிகோவால் தடுக்க முடியவில்லை. பாட்டி திரும்பவே இல்லை. பல ஆண்டுகள் கழித்து, கைக்குழந்தை இருக்கும் நேரத்தில், கணவன் இகுவோ தண்டவாளத்தில் நடந்துபோய் ரயிலில் அடிபட்டு இறக்கிறான். காரணம் தெரியவில்லை. பிறகு மறுமணம் செய்து, நோட்டோ தீபகற்பத்தின் கடலோரக் கிராமத்துக்குப் போகிறாள். “அன்னைக்கு நான் தடுத்திருக்கலாமோ?” என்ற எண்ணமும் கூடவே போகிறது.

இந்தக் குற்ற உணர்வை அவள் வசனமாகப் பேசுவது மிகக் குறைவு. முகத்தை நெருங்கிக் காட்டும் காட்சிகளும் அரிது. பெரும்பாலும் இயற்கை வெளிச்சம்தான். பாதி இருட்டில் உட்கார்ந்திருக்கிறாள். கணவனின் சாவியில் இருந்த சிறு மணி ஒன்று அவள் கையில். அந்த மணியே நமக்கு எல்லாவற்றையும் சொல்லிடுது.

கடைசியில், கடற்கரையோரம் போகும் ஒரு சவ ஊர்வலத்தின் பின்னால் நடந்துபோகிறாள். தேடி வந்த இரண்டாவது கணவன் தமியோவிடம், “அவர் ஏன் செத்தார்னு புரியலையே” என்று உடைந்து கேட்கிறாள். அவனிடமும் பதில் இல்லை. கடலில் தூரத்து ஒளியொன்று தன்னை அழைப்பதுபோல் இருந்ததாக அப்பா சொன்னதை மட்டும் சொல்கிறான். இருவரும் தொலைவில் சிறு உருவங்களாகத்தான் தெரிகிறார்கள்.

வகுப்பில் இப்படிச் செய்து பாருங்கள்: “அழுதாள்”, “கவலை” போன்ற சொற்களே இல்லாமல், இறந்தவர் விட்டுச்சென்ற ஒரு பொருளை மட்டும் வைத்து ஒரு பத்தி எழுதச் சொல்லுங்கள்.

ஒன்றை மறக்காதீங்க. தன்னுயிரை மாய்த்துக்கொள்வது பற்றிய படம் இது. முதலில் நீங்கள் மட்டும் பாருங்கள். அண்மையில் யாரையாவது இழந்த பிள்ளை வகுப்பில் இருந்தால், இந்தப் பயிற்சியே வேண்டாம். அந்தப் பிள்ளை “ஏன்?” என்று கேட்டால், விடை சொல்ல அவசரப்பட வேண்டாம். தமியோவைப் போல் பக்கத்தில் நின்றாலே போதும்.