உங்கள் வீட்டுக் கேமராவை வேறு யார் பார்க்கிறார்கள்?

திருவேற்காடு, ஆவடி, அம்பத்தூர் பக்கம் இன்று பல வீடுகளில் கேமரா இருக்கிறது. வாசலுக்கு ஒன்று, ஹாலுக்கு ஒன்று என மாட்டிவிட்டு, ஆபீசில் இருந்தபடியே மொபைலில் வீட்டைப் பார்க்கிறோம். இன்டர்நெட் வழியே நாம் பார்ப்பதை முன்பின் தெரியாத ஒருவரும் பார்க்க முடியுமா? கவனக் குறைவாக இருந்தால் முடியும்.

2025 பிப்ரவரியில், குஜராத்தில் ராஜ்கோட் நகரின் மகப்பேறு மருத்துவமனை ஒன்றின் கேமரா காட்சிகள் யூடியூபிலும் டெலிகிராமிலும் வெளிவந்தன. சிகிச்சைக்கு வந்த பெண்களின் காட்சிகள் விலைக்கு விற்கப்பட்டன. அங்கு பாஸ்வேர்ட் 'அட்மின்123' என்று இருந்ததாகப் பின்னர் செய்திகள் வெளியாயின.

இது எப்படி நடக்கிறது? நெட்வொர்க் கேமராவும், பதிவு செய்யும் டி.வி.ஆர். பெட்டியும் சிறிய கம்ப்யூட்டர்களே. பல மாடல்களில் தயாரிப்பாளர் தரும் யூசர் நேமும் பாஸ்வேர்டும் எல்லாப் பெட்டிகளுக்கும் ஒன்றுதான். மேனுவலிலேயே அச்சாகி இருக்கும். 2016-ல் பரவிய 'மிராய்' என்ற புரோகிராம், இப்படிப்பட்ட சுமார் 60 ஜோடிகளை மாற்றி மாற்றிப் போட்டே லட்சக்கணக்கான கருவிகளுக்குள் நுழைந்தது.

நீங்கள் செய்ய வேண்டியவை:

1. கேமரா, டி.வி.ஆர்., ரவுட்டர் மூன்றிலும் பாஸ்வேர்டை மாற்றுங்கள். ஒவ்வொன்றுக்கும் வெவ்வேறாக, 12 எழுத்துகளுக்குக் குறையாமல் அமையுங்கள். பெயர், போன் எண், பிறந்த தேதி வேண்டாம்.

2. கேமரா மாட்ட வந்தவர் தன் மொபைலிலும் இணைத்துக் காட்டியிருப்பார். வேலை முடிந்ததும் ஆப்பில் யூசர் பட்டியலைத் திறந்து, தேவையற்றவர்களை நீக்குங்கள்.

3. ஆப்பில் ஓ.டி.பி. கேட்கும் வசதி இருந்தால் இயக்குங்கள்.

4. ரவுட்டர் செட்டிங்ஸில் யு.பி.என்.பி.யை ஆஃப் செய்யுங்கள். கேமராவுக்காக போர்ட் ஃபார்வர்டிங் செய்திருந்தால், அது தேவைதானா என்று கேட்டு நீக்குங்கள்.

5. தயாரிப்பாளரின் ஃபெர்ம்வேர் அப்டேட் வந்தால் தள்ளிப்போடாதீர்கள். கண்டுபிடிக்கப்பட்ட ஓட்டைகளை அடைப்பது அதுதான்.

6. படுக்கையறை, உடை மாற்றும் இடங்களில் கேமரா வைக்காதீர்கள். எடுக்கப்படாத காட்சியை யாராலும் திருட முடியாது.

காட்சி வெளியே போயிருப்பதாகச் சந்தேகம் வந்தால், முதலில் கேமராவின் நெட் இணைப்பைத் துண்டியுங்கள். பதிவுகளை அழிக்காதீர்கள், அவை சாட்சி. சைபர் குற்ற உதவி எண் 1930-ல் புகார் செய்யலாம். ஒருவரது அந்தரங்க உறுப்புகளை அனுமதியின்றிப் படம் பிடிப்பதும் பரப்புவதும் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 66இ பிரிவின்படி 3 ஆண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம்.

பாஸ்வேர்டை மாற்ற ஐந்து நிமிடம் போதும். இன்றே மாற்றிவிடுங்கள்.