படத்தோடு ஒரு குட்டிக் காமெடி ஃப்ரீ: கும்பகோணத்து காளி என்.ரத்தினத்தை ஏன் தேட வேண்டியிருக்கிறது?

ரீல்ஸில் ஒருத்தர் வழுக்கி விழுந்தால் சிரித்துவிட்டு அடுத்ததுக்குப் போகிறோம். 1930களில் இந்தக் குட்டிச் சிரிப்பு தியேட்டரிலேயே கிடைத்தது. புராணப் படத்துக்கு டிக்கெட் எடுத்தால், கதைக்குச் சம்பந்தமே இல்லாத குறும் காமெடிப் படம் ஒன்றும் கூடவே ஓடும். கிட்டத்தட்ட இலவச இணைப்பு! 1939இல் வந்த 'சிரிக்காதே', இப்படிப் பல குட்டிக் காமெடிகளைக் கோத்தே உருவான படம். என்.எஸ்.கிருஷ்ணன், டி.ஏ.மதுரம் ஜோடி அதில் உண்டு.

இந்த வகையில் கலக்கிய இன்னொருவர் காளி என்.ரத்தினம். கும்பகோணம் பக்கம் மலையப்பநல்லூர்க்காரர். நாடகத்தில் கட்டிய காளி வேஷம் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1940இல் வந்த 'போலி பாஞ்சாலி' அவர் நடித்த குறும்படம்.

அது என்ன ஸ்லாப்ஸ்டிக்?

இரண்டு மரப்பட்டைகளைச் சேர்த்துக் கட்டிய கோல். இத்தாலிய நாடகக்காரர்கள் அதால் அடித்தால் 'பட்'டென்று சத்தம் கேட்கும், வலிக்காது. அந்தப் பெயர்தான் பிறகு சாப்ளின் காலத்து மௌனக் குறும்படங்களுக்கும் வந்தது.

நம்மூரில் அந்த வேலையைக் கூத்தில் கட்டியங்காரனும் நாடகத்தில் பபூனும் ஏற்கெனவே செய்துகொண்டிருந்தார்கள். ரத்தினமும் அந்த மேடையிலிருந்து வந்தவர்தான். மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் வாத்தியார். சிறுவன் எம்.ஜி.ஆருக்கு நடிப்பு சொல்லிக்கொடுத்தவர் என்றால் சிலர் நம்ப மாட்டார்கள்.

அவர் திறமையைப் பார்க்க ஆசையா? 'சபாபதி' (1941) இருக்கிறது. பணக்கார வீட்டு அசட்டுப் பிள்ளை சபாபதியாக டி.ஆர்.ராமச்சந்திரன், அதே பெயருள்ள வேலைக்காரனாக ரத்தினம். முதலாளி சொல்வதை வார்த்தைக்கு வார்த்தை அப்படியே எடுத்துக்கொண்டு வீட்டையே கலவரமாக்குவார். முகத்தில் மட்டும் துளி குற்ற உணர்வு இருக்காது. அதுதான் காமெடியே.

குறும்படங்களுக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. பெரும்பாலானவை இன்று கிடைப்பதில்லை. முழுநீளப் படமான 'காளிதாஸ்' (1931) கூட மிஞ்சவில்லையே, இணைப்பை யார் பத்திரப்படுத்துவார்கள்? அந்தக் கால நைட்ரேட் ஃபிலிம் சுலபமாகத் தீப்பிடிக்கும். தப்பியதையும் அதிலிருந்த வெள்ளிக்காக உருக்கினார்கள். புனேயில் தேசிய திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியதே 1964இல்தான்.

டெல்டாவில் பழைய டூரிங் டாக்கீஸ் நடத்திய குடும்பமா நீங்கள்? பரணில் துருப்பிடித்த ஃபிலிம் டப்பா கிடந்தால் காயலான் கடைக்குப் போட்டுவிடாதீர்கள். வெயிலிலும் வைக்க வேண்டாம், பற்றிக்கொள்ளும். புனேக்கு ஒரு தகவல் சொல்லுங்கள்.