முள்ளங்கியும் அதன் கீரையும்

"இந்த வருஷம் மலருக்கு என்ன எழுதப் போற?" என்று வீட்டுக்காரர் கேட்டார். "முள்ளங்கி" என்றேன். சிரித்துவிட்டார். கல்வெட்டும் காப்பியமும் வருகிற மலரில் முள்ளங்கியா என்றார். சிரிக்கட்டும். அவர் தட்டில் முதலில் காலியாவது முள்ளங்கி சாம்பார்தான்!

முள்ளங்கி ஒன்றும் சாமானியக் காய் அல்ல. எகிப்தில் பிரமிடு கட்டிய தொழிலாளர்கள் தின்ற முள்ளங்கிக்கும் வெங்காயத்துக்கும் பூண்டுக்கும் ஆன செலவு கல்லில் எழுதியிருந்தது என்று கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் கி.மு. 5ஆம் நூற்றாண்டிலேயே குறித்திருக்கிறார். அவருக்கு அதைப் படித்துச் சொன்னவர் சரியாகத்தான் படித்தாரோ என்னவோ! நாம் முள்ளங்கி என்பதைக் கன்னடத்தார் மூலங்கி என்கிறார்கள், இந்திக்காரர் மூலி என்கிறார்.

பிள்ளைகள் இதை ஒதுக்குவது வாசனைக்காக. முள்ளங்கி கடுகுக் குடும்பத்தைச் சேர்ந்தது. நறுக்கியவுடன் அதன் திசுவில் தனித்தனியே இருக்கும் கந்தகச் சேர்மமும் நொதியும் கலந்து, கடுகில் உள்ளதைப் போன்ற காரம் பிறக்கிறது. வெந்தால் காரம் அடங்கும், ஆனால் கந்தக வாடை ஆவியோடு கிளம்பும். மூடி போட்டு வேகவைத்தால் அந்த வாடை பாத்திரத்துக்குள்ளேயே நிற்கிறது. ஆகவே வில்லைகளை முதலில் ஒரு ஸ்பூன் எண்ணெயில் வதக்கி, திறந்தபடியே சில நிமிடம் வேகவிட்டு, பிறகு புளி விடுங்கள். என் வீட்டில் பாதிச் சண்டை இதிலேயே தீர்ந்தது.

இனி இலைக்கு வருகிறேன். நான் எழுத உட்கார்ந்ததே அதற்காகத்தான்.

1986-ல் கல்யாணமாகி அல்சூருக்கு வந்தேன். மார்க்கெட்டில் காய்க்காரம்மா முள்ளங்கிக் கட்டைக் கையில் எடுத்து, "சொப்பு பேக்கா, பேடவா?" என்பார். சொப்பு என்றால் கீரை. வேண்டுமா, வேண்டாமா என்கிறார். எனக்குத் தெரிந்த ஒரே கன்னடத்தில் "பேடா" என்பேன். ஒரே முறுக்கில் இலை தனியாகி, பக்கத்தில் நிற்கும் மாட்டுக்குப் போய்விடும். ஊரில் அம்மா அந்த இலையில் துவையல் அரைப்பார் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை. பட்டணத்துக்கு வந்தவள் மாட்டுக்குப் போடுவதை வாங்குவதா என்ற வறட்டு கௌரவம்!

அந்த கௌரவத்தை உடைத்தவர் எங்கள் வீட்டு மாடியில் இருந்த கன்னடத்து அஜ்ஜி. "நல்ல சொப்பும்மா, யாராவது தூக்கிப் போடுவாங்களா?" என்று தமிழிலேயே அதட்டி, பஸ்ஸாறு செய்யக் கற்றுக்கொடுத்தார். துவரம்பருப்பு முக்கால் வேக்காடு வந்ததும் நறுக்கிய இலையைப் போட்டு, உப்பிட்டு வேகவைத்துத் தண்ணீரை வடிகட்ட வேண்டும். வடித்த நீரில் தேங்காய், வதக்கிய வெங்காயம், பூண்டு, புளி, சாறுப்பொடி, வெந்த பருப்புக்கீரையில் ஒரு கரண்டி எல்லாம் அரைத்து விட்டுக் கொதிக்கவைத்தால் சாறு. மீதிப் பருப்புக்கீரையைத் தாளித்தால் பல்யா, அதாவது நம் பொரியல். ஒரே பானையில் குழம்பும் கறியும்; சத்து நீரும் வீணாவதில்லை. ராகிக் களியோடு சாப்பிட்டுப் பாருங்கள். இலையின் சுணை வெந்ததும் போய்விடும். சுண்ணாம்புச் சத்தும் வைட்டமின் சி-யும் கிழங்கைவிட இலையில்தான் பல மடங்கு. ஜப்பானியர் ஜனவரி 7 அன்று காய்ச்சும் ஏழு கீரைக் கஞ்சியிலும் முள்ளங்கி இலை உண்டாம்.

வாங்கும்போது கையில் கனமாக இருப்பதையே எடுங்கள். முற்றினால் உள்ளே பஞ்சாகிவிடும். நம் ஹெசரகட்டா தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையம் தந்த 'அர்கா நிஷாந்த்' ரகம் எளிதில் பஞ்சாகாது, 50, 55 நாளில் அறுவடை. வீட்டுக்கு வந்ததும் இலையைக் கிழங்கிலிருந்து பிரித்துவிடுங்கள். இல்லாவிட்டால் இலை கிழங்கின் ஈரத்தை உறிஞ்சி அதை வாட்டிவிடும். சாக்கடைத் தண்ணீரில் விளைந்த கீரையை எத்தனை அலசினாலும் அது உள்ளே இழுத்துக்கொண்ட உலோகம் போகாது. எங்கே விளைந்தது என்று கேட்டு வாங்குவது நல்லது. தைராய்டு தொந்தரவு உள்ளவர்கள் பச்சையாக நிறையத் தின்னாமல், வேகவைத்து அளவோடு சாப்பிடலாம்.

அம்மாவின் துவையலுக்கு அளவு கேட்டு வைத்துக்கொள்ள எனக்குத் தோன்றவே இல்லை. 1998-ல் அவர் போய்விட்டார். அதன்பின் எத்தனையோ தடவை அரைத்துப் பார்த்தேன், ஏதோ ஒன்று குறைந்தது. ஒருநாள் பருப்பைக் குறைத்து, புளியை இலையோடு சேர்த்து வதக்கியபோது அதே ருசி வந்தது. அடுப்படியிலேயே கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன்.

போன மாதம் லண்டனிலிருந்து மகள் போன் செய்தாள். "அம்மா, இங்க சின்னச் சிவப்பு முள்ளங்கி இலையோடயே கட்டா கிடைக்குது, இலைய என்ன செய்யட்டும்?" எழுதிக்கொள் என்றேன். இலை இரண்டு கைப்பிடி. நல்லெண்ணெயில் உளுத்தம்பருப்பு ஒரு மேசைக்கரண்டி, காய்ந்த மிளகாய் 3, துளி பெருங்காயம் வறுத்து எடுத்து வை. அதே வாணலியில் இலையையும் கோலிக்குண்டு அளவு புளியையும் போட்டுச் சுருள வதக்கு. ஆறினதும் தேங்காய்த் துருவல் இரண்டு கரண்டி, உப்பு சேர்த்துக் கரகரப்பாக அரை. தண்ணீர் விட்டுவிடாதே.