விளக்கில்லாத ஊர்

பாரசீக மொழி வழங்கும் ஈரான் நாட்டில் ஒரு சிற்றூரின் இருப்பிடத்தைக் குறிக்க ஒரு முறை உண்டு. மாகாணம் ‘உஸ்தான்’, அதன் பிரிவு ‘ஷஹ்ரிஸ்தான்’, அதன் உட்பிரிவு ‘பக்ஷ்’, கிராமங்கள் பல சேர்ந்த தொகுதி ‘திஹிஸ்தான்’. ‘திஹ்’ என்பது ஊர். இவ்வரிசையில் வைத்துத்தான் ஊரின் பெயரையும், குடும்பங்கள் எத்தனை, மக்கள் எத்தனை என்பதையும் எழுதுவார்கள். நாடு முழுமைக்கும் அங்கே முதன்முதலாகக் குடிக்கணக்கு எடுக்கப்பட்டது 1956ஆம் ஆண்டில். அன்று சுமார் 1 கோடியே 90 லட்சமாக இருந்த மக்கள்தொகை, 2016இல் ஏறக்குறைய 8 கோடியாயிற்று.

எங்கோ தொலைவிலுள்ள நாட்டுச் செய்தி என்று மாணவர்கள் இதனை ஒதுக்கிவிட வேண்டா. திண்டிவனத்துக்கும் புதுச்சேரிக்கும் இடைப்பட்ட வானூரில் ஓர் உழவரை நிறுத்தி, அவருடைய ஊர் எங்கே இருக்கிறது என்று கேளுங்கள். ‘வானூர் தாலுக்கா, இன்ன பிர்கா’ என்பார். பாரசீகம் ஓர் எழுத்தும் அறியாதவர்; ஆயினும் அவர் நாவில் வந்த இரண்டும் அரபியில் பிறந்து பாரசீகத்தின் வழியாக இங்கு வந்த சொற்கள். ‘தாசில்’ என்பது வரி தண்டுதல்; ‘தார்’ என்பது உடையவரைக் குறிக்கும் பாரசீக விகுதி. ஆண்டுதோறும் நடைபெறும் ‘ஜமாபந்தி’யும் அவ்வழி வந்ததே. அதில் பார்க்கப்படும் ‘பசலி’ ஆண்டோ ஜூலை 1ஆம் நாள் பிறப்பது. ஆங்கில ஆண்டிலிருந்து 590ஐக் கழித்தால், அவ்வாண்டு ஜூலையில் தொடங்கும் பசலி கிடைக்கும்; 2025 ஜூலையில் பிறந்தது 1435.

ஆர்க்காட்டு நவாபுகளின் அலுவல் மொழி பாரசீகம். 1801இல் கும்பினியார் நாட்டைக் கைக்கொண்டபோது ஆட்சி மாறிற்றே தவிர, கணக்குப் புத்தகத்தின் சொற்கள் மாறவில்லை. வானூர்ப் பக்கம் இன்னொரு வேடிக்கையும் உண்டு. எல்லை தாண்டிப் புதுச்சேரிக்குள் கால் வைத்தால் ‘கொம்யூன்’ என்ற பிரெஞ்சுச் சொல் எதிர்ப்படும். வயலும் வரப்பும் ஒன்றுபோலவே இருக்க, ஊரை அளக்கும் சொல் மட்டும் வேறாகிவிடுகிறது!

மக்கள்தொகைக்கு வருவோம். நம் நாட்டுக் குடிக்கணக்கில் நாட்டுப்புறத்துக்கு அலகு, வரையறுத்த எல்லையுடைய வருவாய்க் கிராமம். அதற்குள் குக்கிராமங்கள் சில இருக்கலாம். அவற்றின் மக்கள் எல்லாரும் தாய்க் கிராமத்தின் தொகையில் அடங்கிவிடுவர். ஆகவே, குக்கிராமத்திலிருந்து கல்லூரிக்கு வரும் மாணவர் அட்டவணையில் தம் ஊர்ப் பெயரைத் தேடிக் காணாமல் திகைப்பதுண்டு. பெயர் விடுபட்டது சிறு குறைதான். தாய்க் கிராமத்தில் பள்ளி இருந்தால் ‘பள்ளி உண்டு’ என்று பதிவாகும். குக்கிராமத்துப் பிள்ளைகள் நாள்தோறும் நடக்கும் தொலைவு அந்த ஒரு சொல்லில் மறைந்துபோவதையே நான் பெருங்குறையாகக் கருதுகிறேன்.

இதற்கு நேர்மாறானதும் உண்டு. பெயர் இருக்கும், எல்லையும் ஏரியும் நிலமும் பதிவில் இருக்கும், மக்கள்தொகையோ சுழி. குடிகள் அயலூருக்குப் பெயர்ந்து அங்கிருந்தே வந்து உழுவார்கள். இத்தகைய ஊரை இந்திய வருவாய்க் கணக்குகளில் ‘பேச்சிராக்’ என்று எழுதினர். பாரசீகத்தில் ‘பே’ என்பது இன்மை. ‘சிராக்’ என்பது விளக்கு. ஆள் இல்லை என்று எழுதாமல், விளக்கு இல்லை என்று எழுதினான் அந்தக் கணக்கன்.

உங்கள் ஊர் எந்த வருவாய்க் கிராமத்தைச் சேர்ந்தது என்பதைக் கிராம நிர்வாக அலுவலரிடம் கேட்டறியலாம். பின்னர் 2011ஆம் ஆண்டு மாவட்டக் குடிக்கணக்குக் கையேட்டில் அப்பெயரைப் பாருங்கள். வானூரைத் தேடுவோர் விழுப்புரம் மாவட்டத் தொகுதியைப் புரட்ட வேண்டும். 1991ஆம் ஆண்டுக் கணக்கானால், அவ்வூர் அப்போது தென்னார்க்காட்டைச் சேர்ந்திருந்தது. விழுப்புரம் தனி மாவட்டமானது 1993இல்.