இடுக்கணிற் பிறந்த நகை

நகை எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கின் வழிப் பிறக்கும் என்றார் தொல்காப்பியர். வறுமையையும் இழவையும் அவர் அழுகைக்கே உரியனவாக்கினார். வள்ளுவரோ 'இடுக்கணழியாமை' அதிகாரத்தில் துன்பம் வரும்போது சிரிக்கச் சொல்கிறார். இவை முரணா?

1990 இல் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் நின்றது. மண்ணெண்ணெய் கைக்கெட்டாத விலைக்கு ஏறியது. ஜாம் போத்தல் விளக்காயிற்று. சைக்கிள் டைனமோவில் வானொலி பேசிற்று. மோட்டார் சைக்கிள்கள் சில துளி பெற்றோலில் உயிர்பெற்று, மண்ணெண்ணெயில் புகை கக்கி ஓடின. "அண்ணை, குசினியிலை ஏறியோ வாறியள்?" என்று யாரேனும் பகிடி விட்டால் ஓட்டுபவரும் சேர்ந்து சிரிப்பார்.

இது தொல்காப்பியர் சொன்ன எள்ளலேதான். ஆனால் இங்கே எள்ளப்பட்டவர் துன்பப்பட்டவர் அல்லர்; துன்பமே எள்ளப்பட்டது. வள்ளுவர் வேண்டிய நகையும் இதுவே. பகிடியால் மண்ணெண்ணெய் விலை குறையவில்லை. மனம் மட்டும் பணியாதிருந்தது.

எனினும் அந்தச் சிரிப்புக்கு ஓர் எல்லை இருந்தது. குண்டுவீச்சில் பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டுப் படலையடியில் எவரும் பகிடி விடவில்லை. வறுமையை அழுகையிடமிருந்து பறித்துச் சிரித்த மக்கள், இழவை அழுகைக்கே விட்டுவைத்தார்கள். நகைச்சுவை எழுத விரும்புவோர் கற்க வேண்டிய இலக்கணம் இதுதான்.